ஆவுடையம்மாள் நிரப்பிய கட்டங்கள்

ஆவுடையம்மாளுக்கு ஓரிடத்தில் உட்கார வராது. மம்சாபுரத்தில் அவளைப் பெற்ற வீட்டிலேயே இதை ஒரு நோய் போலத்தான் பேசுவார்கள். சோற்றுத் தட்டின் முன்னால் இருப்பாள். இரண்டு வாய் உண்பதற்குள் எழுந்து போய்த் திறந்து கிடக்கிற கதவைச் சாத்துவாள். சாத்திவிட்டு வந்தால், செம்பில் தண்ணீர் அரையும் குறையுமாக இருக்கிறது என்று நிரப்பப் போவாள். கான்சாபுரத்தில் கட்டிக்கொடுத்தார்கள். புருஷன் நல்ல மனிதன்தான், கொஞ்சம் நிம்மதி வேண்டுகிறவன். இரண்டாம் வருடம் பெட்டியோடு அவளைக் கொண்டுவந்து விட்டான். "ஒங்க பிள்ளை மேல எந்தக் குத்தமும் இல்ல மாமா. ஆனா வீட்டுக்குள்ள எந்நேரமும் ஒரு மெஷினு ஓடிக்கிட்டே இருக்க மாதிரி இருக்கு. எனக்குத் தூக்கமே இல்ல" என்று சொல்லிவிட்டுப் போனான். பிறகு அவன் வரவுமில்லை, இவள் கூப்பிடவுமில்லை.

அவளை நாற்காலியில் இருத்திய ஒரே வஸ்து தட்டச்சு மெஷின். விரல் பத்தும் ஓடியதால் உடம்பு சும்மா இருந்தது. தட்டச்சுப் பரீட்சையில் ஹையர் பாஸ் செய்தாள். ஸ்ரீவில்லிபுத்தூரில் சார்பதிவாளர் அலுவலகத்துக்கு எதிர்ச் சந்தில் ஒரு மாடி அறையை வாடகைக்குப் பிடித்து, பழைய தமிழ் மெஷின் ஒன்றை வாங்கிப் போட்டு, பத்திர எழுத்தர்களுக்கு அடித்துக் கொடுத்தே பிழைத்தாள். முப்பத்தைந்து வயதில் அவளுக்கென்று இருந்தது அந்த அறையும் அந்தச் சத்தமும்தான்.

பத்திர எழுத்தர்களிடம் ஒரு வழக்கம் உண்டு. வந்த வினையெல்லாம் அதிலிருந்துதான் வந்தது, ஆகவே சொல்லிவிடுகிறேன். ஒரே மாதிரிப் பத்திரம் பத்து வேண்டுமென்றால் பத்தையும் முழுதாக எழுதமாட்டார்கள். ஒரு மாதிரித் தாளை முழுக்க எழுதி மேலே வைப்பார்கள். கீழே வருகிற தாள்களில் மாறுகிற சங்கதியை மட்டும் எழுதிவிட்டு, மற்றதைக் காலியாக விட்டுவிடுவார்கள். காலி என்றால் மாதிரியில் உள்ளபடி என்று அர்த்தம். அடிக்கிறவள் பார்த்து நிரப்பிக்கொள்ள வேண்டும். பத்திரத்தில் காலியிடம் விட்டால் பின்னால் எவனாவது எதையாவது சொருகிவிடுவான். ஒரு வீடு போய்விடும், ஒரு குடும்பம் போய்விடும். எனவே காலியிடத்தைக் கண்டால் ஆவுடையம்மாளின் விரல் தானாகவே மாதிரித் தாளுக்குப் போகும். அவளுடைய குணத்துக்கு அந்த வேலை அப்படிப் பொருந்திப் போயிருந்தது.

1984ஆம் வருடம் தை மாதம் தவசிமுத்து சார் அந்த மாடிப்படி ஏறி வந்தார். ராஜபாளையத்தில் ஒரு பள்ளிக்கூடத்தில் முப்பது வருடம் அறிவியல் நடத்தி ஓய்வு பெற்றவர். கை நிறையத் தாள்கள், சட்டைப் பையில் இரண்டு பேனா.

"எம்மா, உனக்கு பேய், பிசாசு, ஜோசியம், ஆவி இதுலயெல்லாம் நம்பிக்கை உண்டா?"

"இல்லீங்க சார்."

"சாமி?"

"ஆடிப்பூரத்துக்குத் தேரைப் பாப்பேன். அம்புட்டுத்தான்."

"அப்ப நீதான் எங்களுக்குச் சரியான ஆளு" என்று சொல்லி, கேட்காமலே நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார்.

உள்ளடுக்கு ஆய்வுக் கழகம் என்று ஒன்றை அவர் தொடங்கியிருந்தார். மொத்தம் பதினொரு பேர். மில் பிட்டர், பட்டாளத்தில் இருந்து வந்தவர், ஓய்வுபெற்ற போஸ்ட்மாஸ்டர், பஞ்சு புரோக்கர் என்று கலவையான கூட்டம். ஊர்க்காரர்கள் இவர்களை அடுக்குச்சட்டிச் சங்கம் என்றுதான் சொல்வார்கள். சார் அதைக் காதில் போட்டுக்கொள்வதில்லை. நாம் பார்க்கிற உலகம் மேலடுக்கு மட்டும்தான், அடியில் இன்னும் ஆறு அடுக்கு இருக்கிறது என்பது அவருடைய கணிப்பு. பேண்டேஜ் துணியை ஏழாக மடித்து வெளிச்சத்தில் பிடித்தால் எங்கேயாவது ஒரு நொடி ஏழு மடிப்பின் கண்ணும் நேருக்கு நேர் வந்து அந்தப் பக்கம் தெரியும். உலகமும் அப்படி எப்போதாவது ஒரு நொடி விலகும். அந்த நொடியை வசப்படுத்த மந்திரம் தேவையில்லை, கண்காணிப்புதான் தேவை என்பார்.

அதற்கு அவர் போட்டிருந்த சட்டதிட்டங்களைக் கேட்டால் பதிவாளர் அலுவலகமே வெட்கப்படும். மாதம் ஒரு நாள் ஒவ்வொருவரும் தமக்கென்று குறித்த இடத்தில் மதியத்திலிருந்து அந்தி வரை உட்கார்ந்திருக்க வேண்டும். பிறகு ஒரு பாரத்தில் மூன்று கட்டம் நிரப்ப வேண்டும்: நேரம், திசை, அறிகுறி. பெயர் எழுதக்கூடாது. ஒருவருக்கொருவர் இதைப் பற்றி ஒரு வார்த்தை பேசக்கூடாது. பாரங்கள் பெட்டியில் விழுந்து, சீல் வைத்து, கழகத்தில் இல்லாத ஒருவரிடம் போகும். அவர் தட்டச்சு செய்ததும் கையெழுத்துத் தாள்களைக் கிழித்துவிட வேண்டும், எழுத்தை வைத்து ஆளைக் கண்டுபிடித்துவிடக் கூடாதல்லவா. அடித்த பட்டியலை ஒன்பது வருடம் பீரோவில் பூட்டிவைத்து, பிறகுதான் திறக்க வேண்டும். திறந்து எண்ணுகிற வேலை குருசாமிக்கு, அவர்தான் போஸ்ட்மாஸ்டராக இருந்தவர். தொடங்கியவர் பட்டியலைத் தொடவே கூடாது என்று சார் தமக்கே ஒரு விதி போட்டுக்கொண்டார்.

"பாரம் எப்படி இருக்கும்னு பாரு" என்று அங்கேயே உட்கார்ந்து ஒரு தாளை நிரப்பிக் கொடுத்தார். மாலை 4.40. தென்மேற்கு. சத்தம் அடங்கியது. "இதை மாதிரியா வச்சுக்கோ. ஒண்ணு ஞாபகம் வச்சுக்கோம்மா. மேற்படி, மேற்கண்டபடின்னு போடுறதெல்லாம் இங்க கூடாது. ஒவ்வொரு வரியும் முழுசா நிக்கணும்."

ஆவுடையம்மாள் தலையாட்டினாள். மாதிரித் தாளைப் பத்திர வழக்கப்படி மேலே வைத்தாள்.

முதல் மாதக் கட்டு வந்தது. பதினொரு பாரத்தில் பத்து காலி. மாதிரியில் உள்ளபடி என்று அவள் எடுத்துக்கொண்டாள். மேற்படி என்று போடக்கூடாதென்று சொல்லியிருந்ததால் பத்து வரியிலும் மாலை 4.40, தென்மேற்கு, சத்தம் அடங்கியது என்று முழுதாக அடித்தாள். அடுத்த மாதமும் அப்படியே. எவனுக்கும் தீங்கு நினைத்துச் செய்யவில்லை. அவளுக்குத் தெரிந்த உலகத்தில் காலிக் கட்டத்துக்கு வேறு அர்த்தமே கிடையாது.

மாதங்கள் போகப் போக அவளுக்குள் ஒன்று முளைத்தது. பத்து ஆண்பிள்ளைகள், மாதம் தவறாமல், ஒரே நேரத்தில் உலகத்தின் சத்தம் அடங்குவதைக் கேட்கிறார்கள்! நாற்பது வயதை நெருங்குகிறவள், தலைக்குள் ஒரு நிமிடம்கூடச் சத்தம் அடங்கி அறியாதவள், இதை வாசித்துவிட்டு எப்படிச் சும்மா இருப்பாள்? பொறாமையாக இருந்தது. அழுகை கூட வந்தது. ஒரு நாள் நாலரைக்கே மெஷினை மூடிவிட்டு ஜன்னலைப் பார்க்க நாற்காலியைத் திருப்பிப் போட்டாள். தென்மேற்கே மலைப் பக்கம் வெயில் சாய்ந்திருந்தது. நான்கு நிமிடம் இருந்தாள். பிறகு பானை மூடி கோணலாக இருப்பது கண்ணில் பட்டது, எழுந்துவிட்டாள். மறுநாளும் உட்கார்ந்தாள். வருடக்கணக்கில் உட்கார்ந்து பார்த்தாள். யாரிடமும் சொல்லவில்லை. நம்பிக்கை இல்லாதவள் என்றுதானே வேலையே கொடுத்தார்கள்.

1993ஆம் வருடம் பீரோவைத் திறந்தார்கள். இந்தச் செய்தி அவளுக்குக் கழகத்திலிருந்து வரவில்லை. ஒரு வியாழக்கிழமை மத்தியானம் வெள்ளத்தாய் என்கிற பெண் மூச்சிரைக்க மாடி ஏறி வந்தாள். மில் பிட்டர் கருத்தையாவின் பெண்சாதி. மம்சாபுரத்தில் ஆவுடையம்மாளைப் பெற்ற வீட்டுக்கு இரண்டு தெரு தள்ளி இருப்பவள்.

"ஏக்கா, நீதான சங்கத்துக்கு டைப் அடிக்க? அவிய வேலைய விடப் போறாகளாம்க்கா."

"எந்த வேலைய?"

"மில்லு வேலையத்தான். பீரோவத் திறந்தாகளாம். ஆயிரத்துச் சொச்சம் பேப்பர்ல ஒரே நேரம், ஒரே திசைன்னு வந்திருக்காம். ஏதோ அடுக்கு திறந்துட்டுன்னு கூத்தாடுதாக. இனிமே ஒருத்தரு ஒரு வருசத்துக்குத் தெனமும் நாலு நாப்பதுக்கு உக்காந்து பாக்கணுமாம். எங்க வீட்டுக்காரரு நான் உக்காருதேன்னு கையத் தூக்கிட்டாரு. ரெண்டாம் ஷிப்ட் வந்தா எப்பிடி உக்கார? அதான் ராஜினாமா. திங்கக்கிழமை குடுக்கப் போறாராம். ரெண்டு பொட்டப்பிள்ளைய வச்சுக்கிட்டு நான் எங்கக்கா போவேன்?"

"அவருக்கு ஏன் இம்புட்டு அவசரம்?"

வெள்ளத்தாய் குரலைத் தாழ்த்தினாள். "வெளிய சொல்லாத. ஒம்பது வருசத்துல அவியளுக்கு ஒண்ணுமே தெரிஞ்சதில்ல. மாசாமாசம் வெறும் பேப்பரத்தான் மடிச்சுப் பெட்டில போடுவாக. நான் என் கண்ணால பாத்திருக்கேன். மத்தவுகளுக்கெல்லாம் தெரியுது, எனக்கு மட்டும் தெரியல, நான்தான் ஒழுங்கா உக்காரலன்னு ராவும் பகலும் புலம்பல். அந்தக் குறையத் தீர்க்கத்தான் போறாராம்."

ஆவுடையம்மாள் மேலே வைத்திருந்த மாதிரித் தாளைத் திரும்பிப் பார்த்தாள். வெறும் பேப்பர். ஒண்ணுமே தெரியாததால் வெறும் பேப்பர். காலி என்றால் காலி! ஒன்பது வருடமாக அவள் கண்ட பத்துக் காலியும் அப்படியென்றால், ஆயிரத்துச் சொச்சம் வரியும் இந்தப் பத்து விரல் செய்த வேலையல்லவா?

வெள்ளத்தாயிடம் என்ன சொல்லி அனுப்பினாள் என்று அவளுக்கே நினைவில்லை. அன்று முழுக்க அறைக்குள் நடந்தாள். பிறகு இறங்கித் தேரோடும் வீதியை நாலு சுற்றுச் சுற்றினாள். சொல்லாமல் விட்டால் ஒரு குடும்பம் தெருவுக்கு வரும். சொன்னால் சாரின் ஒன்பது வருடம் சாம்பல். அவள் பேரும் நாறும்; பிழையாக அடிக்கிறவள் என்று தெரிந்தால் எந்தப் பத்திர எழுத்தர் அவளிடம் தாளைக் கொடுப்பார்? இதையெல்லாம் விடப் பெரிதாக ஒன்று உறுத்தியது. நாலு நாற்பதுக்கு எங்கேயோ சத்தம் அடங்குகிறது என்ற நினைப்பில்தான் இத்தனை வருடம் ஒவ்வொரு சாயங்காலத்தையும் அவள் கடத்தியிருந்தாள். அது பொய் என்று வாயைத் திறந்து சொல்ல அவளுக்கு மனசே இல்லை.

சனிக்கிழமை கருத்தையா வந்தான். குளித்து, வெள்ளைச் சட்டை போட்டு, மாப்பிள்ளை மாதிரி இருந்தான்.

"அக்கா, ஒரு லெட்டரு அடிக்கணும். ராஜினாமா. முறையா இருக்கணும் பாத்துக்கோங்க."

"ரிப்பன் அறுந்து போச்சு தம்பி" என்றாள். ரிப்பன் நன்றாகத்தான் இருந்தது.

"மதுரைக்கு ஆள் போனாத்தான் வாங்கணுமோ?"

"ஆமா. செத்த இரு தம்பி. ஒனக்கு நிச்சயமா? மில்ல விடத்தான் வேணுமா?"

அவன் உட்காரவில்லை. "பத்துப் பேருக்குத் தெரியுதுக்கா. நான் ஒருத்தன் மட்டும் மாசாமாசம் சுவத்தப் பாத்துக்கிட்டு உக்காந்திருக்கேன். கோளாறு எங்கிட்டத்தான? இத்தன வருசம் அவுகளோட சரிக்குச் சரியா உக்காந்து டீ குடிச்சிருக்கேன், கூசுது. ஒரு வருசம் தெனமும் உக்காந்தா எனக்கும் தெரியும்." சொல்லும்போது அவன் கண் கலங்கியது. ஆவுடையம்மாள் வாயைத் திறந்தாள். ஆனால் அவனிடம் தனியாகச் சொன்னால், பெண்சாதி ஏவிவிட்டு வந்த பேச்சு என்றுதான் எடுத்துக்கொள்வான் என்று தோன்றியது.

"நாளைக்குக் கூட்டம் எத்தன மணிக்கு?"

"பத்துக்கு. ஆனா வெளியாளு வரக்கூடாதுக்கா."

"நானும் வாரேன்" என்றாள்.

ராஜபாளையத்தில் ஒரு பஞ்சுக் குடோனின் மாடியில் கழகம் கூடும். ஞாயிற்றுக்கிழமை காலை பதினொரு பேரும் வட்டமாக உட்கார்ந்திருந்தார்கள். சார் கண்ணில் புரை விழுந்து, கனத்த கண்ணாடியோடு நடுவில் இருந்தார். அவர் முகத்தில் அன்றைக்கு இருந்த சந்தோஷத்தைப் பார்த்ததும் அவளுக்குத் திரும்பி இறங்கிவிடலாமா என்று இருந்தது. கால் இரண்டு முறை திரும்பியது.

"யாரது? ஆவுடையா? நீ இங்க வரப்படாதே?"

"தெரியும் சார். ஒரு தப்பு பண்ணிட்டேன், சொல்லிட்டுப் போயிருதேன்."

நின்றுகொண்டே சொன்னாள். பத்திர எழுத்தர் வழக்கத்தைச் சொன்னாள், மாதிரித் தாளைச் சொன்னாள், முதல் மாதத்திலிருந்து காலிக் கட்டங்களை எப்படி நிரப்பினாள் என்று ஒன்று விடாமல் சொன்னாள். சொல்லும்போது விரல்கள் சேலைத் தலைப்பை மடித்து மடித்து விரித்தன.

பட்டாளத்திலிருந்து வந்த சேதுபதிதான் முதலில் எழுந்தார். அவர் லேசில் விடுகிற ஆள் இல்லை. "சார், இதை வேற விதமாவும் பாக்கலாம். நீங்க மாதிரித் தாள்ல ஏன் அந்த நேரத்தையும் அந்தத் திசையையும் எழுதுனீங்க? உங்க கையைப் பிடிச்சு ஏதோ ஒண்ணு எழுத வச்சிருக்கு. அதுவே ஒரு அறிகுறிதான?"

இரண்டு மூன்று பேர் நிமிர்ந்தார்கள். கருத்தையாவும் நிமிர்ந்தான். ஆவுடையம்மாளும்தான். அவளும் ஆசையோடு சாரைப் பார்த்தாள்.

தவசிமுத்து கண்ணாடியைக் கழற்றினார். "நாலு நாப்பதுக்கு எனக்கு ராஜபாளையம் பஸ்ஸுப்பா. அதைத் தவற விட்டுறக் கூடாதுன்னு மனசுல ஓடுச்சு, அதையே எழுதினேன். பஸ் ஸ்டாண்டு அவ ரூமுக்குத் தென்மேற்கே இருக்கு."

"சத்தம் அடங்கினது?"

"நான் பேசணும்னு அவ டைப் அடிக்கிறத நிப்பாட்டினா."

சேதுபதி உட்கார்ந்தார்.

"விதியை இன்னைக்கு மீறுவோம்" என்றார் சார். "யார் யார் காலியா விட்டது?"

கருத்தையா எழுந்தான். கல்யாண வீட்டில் திருட்டுப் பட்டம் வாங்கியவன் போல நின்றான். "நான் சார். அம்புட்டு மாசமும். எனக்கு ஒண்ணும் தெரியல. மன்னிச்சிருங்க."

"நானும் அப்படித்தான்" என்றார் பஞ்சு புரோக்கர். அவன் திடுக்கிட்டுத் திரும்பினான்.

"நானும்" என்றார் சேதுபதி, தரையைப் பார்த்தபடி. "ஏதோ ரெண்டு தடவை எழுதியிருப்பேன். அதுவும் சும்மா."

ஒவ்வொருவராகச் சொன்னார்கள். எல்லோருடையதும் அதே கதைதான். பட்டியலில் அந்த ஆயிரத்தோடு ஒத்துவராத வரி நூற்றுச் சொச்சம் இருப்பதாகக் குருசாமி எண்ணிச் சொல்லியிருந்தார்; அவ்வளவும் தன்னுடைய வெறும் பாரம்தான் என்று ஒவ்வொருவரும் உள்ளுக்குள் குன்றிப் போயிருந்தார்கள். குருசாமி கடைசியாக எழுந்தார். அவர் ஒருவர்தான் மாதாமாதம் கட்டத்தை நிரப்பியவர். "காலியா விட எனக்கு வெக்கமா இருந்துச்சு. வாய்க்கு வந்ததை எழுதினேன். பீரோவைத் திறந்து எண்ணுறப்ப ஒத்து வராத வரியெல்லாம் என்னோடதா இருந்துச்சு. மத்தவங்க எல்லாம் நெசமாப் பாத்திருக்காங்க, நான் ஒருத்தன்தான் பொய்யன்னு மூணு நாளா நான் சோறு திங்கல" என்றார்.

கருத்தையா சுற்றி ஒவ்வொரு முகமாகப் பார்த்தான். பிறகு, கேட்கக் கூடாததைக் கேட்கிறவன் போல மெல்லக் கேட்டான்.

"சார், நீங்க?"

தவசிமுத்து கண்ணாடியைத் துடைத்துக்கொண்டே இருந்தார். துடைத்து முடித்தும் போட்டுக்கொள்ளவில்லை.

"நானும் காலியாத்தான் விட்டேன். நூத்தி எட்டு மாசம். எனக்குக் குடுப்பினை இல்ல, உங்களுக்காவது கிடைக்குதேன்னு இருந்தேன்."

கருத்தையா சிரித்தான். சிரிப்பா அழுகையா என்று பிரிக்க முடியாமல் தோள் குலுங்கக் குலுங்கச் சிரித்தான். "எங்கிட்டக் கோளாறு இல்லையே சார்! அது போதும் எனக்கு!" என்று அவர் கையைப் பிடித்து ஆட்டினான். "நாளைக்கு முதல் ஷிப்டு சார். நான் போறேன். வெள்ளத்தாயிட்டச் சொல்லணும்." படியில் அவன் தடதடவென்று இறங்கினான். ஒன்பது வருடச் சுமையை அந்த மாடியிலேயே இறக்கி வைத்துவிட்டுப் போனவன் அவன் ஒருவன்தான்.

மற்றவர்களும் ஒருவர் பின் ஒருவராகச் செருப்பை மாட்டினார்கள். கழகத்தைக் கலைப்பதா வேண்டாமா என்று ஒருவரும் கேட்கவில்லை. போகிற போக்கில் அவளைத் திட்டவும் இல்லை. ஒருவர் மட்டும், "நல்லவேளை சொன்னே தாயி" என்றார்.

ஆவுடையம்மாள் சுவரோரம் நின்றிருந்தாள். அவள் அழுவது சாருக்குக் கண்ணில் தெரியவில்லை, காதில் கேட்டது.

"நீ ஏம்மா அழுத? நீ சொன்னதால ஒரு குடும்பம் பிழைச்சுது. எனக்கு வருத்தம் இருக்கும், அது வேற. உன்மேல கோவம் இல்ல."

"அதுக்கில்ல சார்."

"பொறவு?"

"ஒங்க பதினொரு பேருல ஒருத்தருக்கும் சத்தம் அடங்கல. அடங்குதுன்னு நான் நம்பிட்டேன் சார். ஒரு நாளைக்கு எனக்கும் சத்தம் அடங்கும்னு தெனமும் உக்காந்து பாத்தேன். இனிமே நாலு நாப்பதுக்கு நான் என்ன செய்ய?"

தவசிமுத்து தட்டுத்தடுமாறி எழுந்து, ஒரு நாற்காலியை அவள் பக்கம் இழுத்துப் போட்டார். "உக்காரும்மா. நானும் கூட உக்காருறேன்" என்றார்.